‘காமென் ரைடர் ஃபைஸ்’ என்னும் ஜப்பானிய சூப்பர்ஹீரோ தொலைக்காட்சித் தொடரில் கிபா யூஜி ஏன் நண்பனும் கதாநாயகனுமான தக்குமிக்கே எதிரியாகிறான்?

கடைசியில் வரும் அந்தத் திருப்பம் திடீரென்று வந்ததல்ல. 2003இல் வந்த இந்தத் தொடரின் முதல் அத்தியாயங்களிலேயே அதற்கு விதை போட்டுவிட்டார்கள். கார் விபத்தில் பெற்றோரை இழந்த கிபா, 2 ஆண்டு கோமாவில் கிடக்கிறான். கண் விழித்தால் சொத்தெல்லாம் சித்தப்பா கையில், காதலி அவர் மகனோடு! செத்துப் பிழைத்ததில் அவன் ‘ஆர்ஃபனோக்’ என்னும் வேற்றுயிராகவும் மாறியிருக்கிறான். இவ்வளவுக்குப் பிறகும் மனிதர்களோடு சேர்ந்து வாழலாம் என்று நம்புகிறானே, அதுதான் ஆச்சரியம்.

அந்த நம்பிக்கையைத் தாங்கியவர்கள் அவனைப் போலவே ஆர்ஃபனோக்காக மாறி, அவனோடு ஒரே வீட்டில் இருந்த யூக்காவும் கைடோவும். யூக்கா இறந்ததும், மனிதர்கள்தான் கொன்றார்கள் என்று கிபா நினைத்துவிடுகிறான். அதோடு அந்த நம்பிக்கை போய், மனிதர்களைக் காக்கும் தக்குமிக்கும் எதிரியாகிறான். உண்மையில் கொன்றது இன்னொரு ஆர்ஃபனோக். அதைச் சொல்ல பக்கத்தில் ஆள் இல்லை.

தக்குமி இதற்கு நேர் எதிர். பிறர் தன்னை ஏமாற்றுவார்களோ என்பதல்ல, தான் பிறரை ஏமாற்றிவிடுவோமோ என்பதே அவன் பயம். அதனால்தான் எல்லோரிடமும் எரிந்து விழுகிறான். (சூடான சாப்பாடு அவனுக்கு ஆகாது; அதைக் கண்டாலும் எரிந்து விழுவான், அது வேறு கதை.)

என்னைக் கேட்டால், இதில் கிபாவைத் துரோகி என்பதே தப்பு. இருவரும் ஒருநாள் உட்கார்ந்து மனம்விட்டுப் பேசியிருந்தால் பாதிக் கதை நடந்தே இருக்காது.