ஆள் கிடைக்காத வயல் (கடிதமும் பதிலும்)

அன்புள்ள ஐயா,

எங்கள் ஊர் மன்னார்குடிக்கும் திருத்துறைப்பூண்டிக்கும் நடுவில். அப்பா பெயரில் ஒன்றரை வேலி, அதாவது ஏறக்குறைய பத்து ஏக்கர் நஞ்சை. நான் பெங்களூரில் வேலை பார்க்கிறேன். பொங்கலுக்குப் போயிருந்தபோது நிலத்தை விற்றுவிடலாமா என்று அப்பா முதல்முறையாகக் கேட்டார். நடவுக்கு ஆள் இல்லை, களையெடுக்க ஆள் இல்லை, அறுப்பு முழுக்க மிஷின். ரேஷனில் அரிசி இலவசம், அதோடு நூறு நாள் வேலை, இரண்டும் சேர்ந்து உழைக்கிற பழக்கத்தையே கெடுத்துவிட்டன என்கிறார். தாத்தா காலத்தில் பண்ணையில் வேலை செய்தவர்கள் வீட்டு மனிதர்களாக இருந்தார்களாம். நல்லது கெட்டது எல்லாவற்றுக்கும் நெல்லும் துணியும் இங்கிருந்துதான் போகுமாம். இப்போது எங்கள் தெருவில் பாதி வீடு பூட்டிக் கிடக்கிறது. நவீன வாழ்க்கை எங்கள் ஊருக்கு என்னதான் கொடுத்தது? அப்பாவுக்கு நான் என்ன பதில் சொல்வது?

கே.

அன்புள்ள கே.,

உங்கள் அப்பாவின் கஷ்டத்தை நான் குறைத்துப் பேசப்போவதில்லை. மேட்டூர் அணையை ஜூன் 12இல் திறப்பார்களா என்று வருடாவருடம் காத்திருப்பதும், கொள்முதல் நிலையத்தில் நெல்லைக் கொட்டிவிட்டு மழை வந்துவிடுமோ என்று வானத்தைப் பார்ப்பதும் டெல்டாக்காரர்களுக்குத்தான் தெரியும். ஆனால் அந்தக் கஷ்டத்துக்கு அவர் சொல்கிற காரணத்தை என்னால் ஏற்க முடியவில்லை. ஊரில் ஆள் இல்லாமல் போனது எப்படி என்பதை அரிசியிலிருந்து தொடங்கினால் புரியாது. உங்கள் தாத்தா காலத்திலிருந்துதான் தொடங்க வேண்டும்.

பழைய தஞ்சை மாவட்டத்துப் பண்ணையாளின் குடிசை, மிராசுதார் என்கிற பெரிய நிலக்காரரின் மனையில் இருந்தது. வேலையும் வீடும் ஒரே கையில். வேலைக்கு வர மாட்டேன் என்றால் அன்று மாலையே சட்டி பானையைத் தூக்கிக்கொண்டு கிளம்ப வேண்டியதுதான். 1940களில் கம்யூனிஸ்ட் தலைவர் பி. சீனிவாசராவ் தஞ்சைத் தாலுகாக்களில் விவசாயிகள் சங்கம் கட்டியபோது முன்வைத்த முதல் கோரிக்கைகளில் ஒன்று சவுக்கடியும், சாணியைக் கரைத்துக் குடிக்க வைக்கும் சாணிப்பால் தண்டனையும் நிற்க வேண்டும் என்பது. கூலி உயர்வுக்கு முன்னால் அதைக் கேட்க வேண்டியிருந்தது. உங்கள் தாத்தா அப்படிப்பட்டவர் என்று நான் சொல்லவில்லை, பண்ணையாட்களிடம் அன்பாகவே இருந்திருக்கலாம். ஆனால் அந்த அன்பு இருக்குமா இல்லையா என்பது முழுக்க அவர் மனதைப் பொறுத்ததாக இருந்தது. இன்னொருவர் மனதை நம்பி மூன்று தலைமுறை வாழ்ந்த குடும்பத்திடம் அந்தக் காலத்தைப் பற்றிக் கேட்டால், வேறு கதை கிடைக்கும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்த உறவை முதலில் முறித்தது பண்ணையாள் அல்ல. 1952இல் ராஜாஜி அரசு தஞ்சாவூர் குத்தகைதாரர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டத்தைக் கொண்டுவந்தது. பண்ணையாளுக்கு இவ்வளவு கூலி, காரணமில்லாமல் நீக்கக் கூடாது என்று எழுத்தில் வந்ததும் பல நிலக்காரர்கள் செய்தது என்ன? பண்ணையாட்களைக் கணக்குத் தீர்த்து அனுப்பிவிட்டு, அதே ஆட்களைத் தினக்கூலிக்குக் கூப்பிட்டார்கள். சட்டத்தின் பொறுப்பு வேண்டாம், உழைப்பு மட்டும் போதும் என்று ஆயிற்று. வீட்டு மனிதர் அன்றே கூலியாள் ஆகிவிட்டார். இலவச அரிசி வந்தது 2011இல்.

கூலியாள் ஆனபிறகு கூலி கேட்பதுதானே இயல்பு? கேட்டபோது என்ன நடந்தது என்பதற்குக் கீழ்வெண்மணியை நினைத்தால் போதும். அறுப்புக் கூலியில் கூடுதலாக அரைப்படி நெல் கேட்ட போராட்டத்தின் முடிவில், 1968 டிசம்பர் 25 இரவு, ஒரு குடிசைக்குள் 44 பேர் எரிக்கப்பட்டார்கள். பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும். குற்றம்சாட்டப்பட்ட நிலக்காரர்கள் பிறகு உயர்நீதிமன்றத்தில் விடுதலையானார்கள். அந்த ஊர் உங்கள் ஊரிலிருந்து அதிக தூரமில்லை. பழைய கிராமத்தின் இணக்கத்தைப் பற்றி யார் பேசினாலும் எனக்கு அந்த அரைப்படிதான் முன்னால் வந்து நிற்கிறது.

அதற்கப்புறம் 1969இல் விவசாயத் தொழிலாளர் நியாயக் கூலிச் சட்டம் வந்தது. 1971இல் குடியிருப்புச் சட்டம். ஒரு குடும்பம் இவ்வளவு நிலம்தான் வைத்திருக்கலாம் என்ற நில உச்சவரம்பு பற்றிப் பேசுகிற அளவுக்கு இந்த இரண்டாவதைப் பற்றி நாம் பேசுவதில்லை. அடுத்தவர் நிலத்தில் குடிசை போட்டிருந்தவர்களுக்கு அந்த மனையைச் சொந்தமாக்கிய சட்டம் அது. சில குழி மனைதான். ஆனால் கூலி கட்டுப்படியாகவில்லை, வரவில்லை என்று சொன்னாலும் ராத்திரி படுக்க இடம் இருக்கும் என்பது டெல்டாவின் கூலி விவசாயிக்கு அப்போதுதான் உறுதியாயிற்று.

இதைத் தஞ்சையின் தனிக்கதையாக எடுத்துக்கொள்ள வேண்டாம். சென்னைப் பல்கலைக்கழகத்தில் பொருளாதாரப் பேராசிரியராக இருந்த கில்பர்ட் ஸ்லேட்டர் 1916இல் தன் மாணவர்களைக் கொண்டு சில கிராமங்களில் கணக்கெடுத்தார். அதில் ஒன்று இன்றைய விழுப்புரம் மாவட்டத்து இருவேல்பட்டு. அங்கே படியாள் என்ற முறை இருந்தது. கல்யாணத்துக்காக நிலக்காரரிடம் வாங்கிய சின்னக் கடன் தீராமல் அப்பாவிடமிருந்து மகனுக்குப் போகும், கடனோடு சேர்ந்து ஆளும் அந்த நிலத்துக்குக் கட்டுப்பட்டவராவார். அந்த ஊரைப் பல காலகட்டங்களில் ஆய்வாளர்கள் திரும்பத் திரும்பப் போய்ப் பார்த்திருக்கிறார்கள். 2008இல் ஜான் ஹாரிஸ், ஜெ. ஜெயரஞ்சன், கே. நாகராஜ் போனபோது படியாள் முறை இல்லை, பெரிய நிலக்காரரின் பிடியும் தளர்ந்துவிட்டிருந்தது. அவர்கள் சொன்ன காரணங்களில் முக்கியமானவை ஊருக்கு வெளியே கிடைத்த வேலையும் அரசின் நலத்திட்டங்களும்.

ரேஷன் அரிசியை நான் இங்கேதான் வைத்துப் பார்க்கிறேன். தை அறுப்புக்கு முந்திய மழை மாதங்களில் கூலிக்காரர் வீட்டில் நெல் இருக்காது. அப்போது நிலக்காரரிடம் முன்கூட்டியே நெல் வாங்குவார்கள், அறுப்பில் உழைத்துக் கழிப்பார்கள். அந்த நெல் கடனில்தான் கூலி பேசுகிற வாய் அடைபட்டது. மாதம் 20 கிலோ அரிசி வீட்டுக்கு வந்ததும் பசிக்காகக் கடன் வாங்குவது குறைந்தது. சோம்பேறித்தனம் என்று உங்கள் அப்பா பார்ப்பது, கடனில்லாதவர் கூலி பேசுவதை. அதே ஆட்கள் திருப்பூரில் பனியன் கம்பெனியில் ஷிப்ட் பார்க்கிறார்கள், சென்னையில் சென்ட்ரிங் வேலை செய்கிறார்கள், கேரளத்துக்கும் வளைகுடாவுக்கும் போகிறார்கள். உழைக்கிற பழக்கம் கெட்டவர்கள் செய்யும் வேலைகளா இவை?

ஊரைவிட்டுப் போவதும் புதிதல்ல. நாகப்பட்டினத்திலிருந்து பினாங்குக்குக் கப்பல் ஏறியவர்கள் எத்தனை பேர். அன்றைக்குத் தோட்டங்களுக்கு ஆள் பிடித்த கங்காணியின் முன்பணத்துக்குக் கட்டுப்பட்டுப் போனார்கள், இன்றைக்கு பஸ் டிக்கெட் எடுத்துப் போகிறார்கள், வேண்டாம் என்றால் திரும்பி வருகிறார்கள். இப்போது டெல்டா வயல்களில் மேற்கு வங்கத்திலிருந்து வந்தவர்கள் நடவு செய்கிறார்கள். அவர்கள் ஊர்ப் பெரியவர்கள் யாராவது அங்கே இதே புகாரைச் சொல்லிக்கொண்டிருப்பார்கள் என்றே நினைக்கிறேன்.

நீங்கள் பெங்களூருக்குப் போனீர்கள். உங்கள் அப்பா அதற்காகப் பெருமைப்பட்டிருப்பார், நியாயம்தான். அதே ஊரில் உங்களோடு படித்த கூலிக்காரர் மகனும் சேற்றில் இறங்காத ஒரு வேலையைத் தேடிப் போனால், அதை மட்டும் எப்படி ஊரின் அழிவு என்று சொல்ல முடியும்?

ஆனால் இந்த மாற்றத்தில் சரியாகப் போகாதவையும் இருக்கின்றன. எனக்கு ரொம்ப வலிப்பது பெண்களின் நிலை. நாற்றுப்பறி, நடவு, களை, அறுப்பு என்று வயலில் அதிகம் நின்றவர்கள் அவர்கள். அறுவடை மிஷின் வந்தபோது வருடத்தின் நல்ல கூலி, அதுவும் நெல்லாகக் கிடைத்த கூலி, அவர்கள் கையைவிட்டுத்தான் போனது. ஆண்கள் வெளியூர் போனார்கள். பிள்ளைகளையும் மாமியாரையும் ஆட்டையும் விட்டுவிட்டு இவர்களால் போக முடியவில்லை. 2006இல் நூறு நாள் வேலை தொடங்கியபோது முதல் கட்டத்திலேயே நாகப்பட்டினம் மாவட்டம் இருந்தது. ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே கூலி என்று அவர்கள் முதன்முதலில் பார்த்தது அங்கேதான். எந்த வயலிலும் அதை யாரும் கொடுத்ததில்லை. அதனால் அந்த வேலையைக் குறை சொல்கிறவர்களிடம் எனக்குக் கோபம் வரும். உங்கள் அப்பாவிடம் கோபமில்லை, அவர் வயலில் நின்று பேசுகிறார்.

இன்னொன்று நிலம். 1961இல் உச்சவரம்பு 30 தர ஏக்கர், 1970இல் அது 15 ஆகக் குறைந்தது. பினாமி பெயர்களையும் விலக்குகளையும் தாண்டி உழுதவர் கைக்கு வந்தது கொஞ்சம்தான். சென்னைக்குக் குடிபோன மிராசுதார்கள் விற்ற நிலத்தை வாங்கும் வசதி தலித் குடும்பங்களுக்கு எங்கே இருந்தது? மனை கிடைத்தது, வயல் கிடைக்கவில்லை. கட்டட வேலைக்குப் போகிறவர் சாரத்திலிருந்து விழுந்தால் திரும்பி வர ஊரில் ஒரு மா நிலம்கூட இல்லை. நாம் பேச வேண்டியது இதைப் பற்றி.

சரி, அப்பாவின் கேள்விக்கு வருகிறேன். விற்பது உங்கள் குடும்பத்தின் முடிவு, அதில் நான் சொல்ல ஒன்றுமில்லை. விற்காமல் குத்தகைக்கு விடுவதாக இருந்தால் ஒன்று கேட்கிறேன். உங்கள் பக்கம் பெரும்பாலும் வாய்வார்த்தைக் குத்தகைதான். எழுதிக் கொடுத்தால் நிலம் போய்விடும் என்ற பயம். 1969லேயே குத்தகை உரிமைகளைப் பதிவுசெய்யத் தனிச் சட்டம் வந்தும் அந்தப் பயம் போகவில்லை. இதனால் புயலடித்துப் பயிர் சாய்ந்தால், பாடுபட்டவர் ஒருவர், நிவாரணம் போவது பட்டாவில் இருக்கிற இன்னொருவர் கணக்குக்கு. பயிர்க்கடனும் அப்படித்தான். உங்கள் வயலில் வேலை செய்தவர்களில் யாராவது எடுத்து நடத்த முன்வந்தால் எத்தனை வருடம், எவ்வளவு நெல் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுக்கச் சொல்லுங்கள். அந்தத் தாளோடு அவரை விஏஓவிடம் நீங்களே ஒருமுறை கூட்டிக்கொண்டு போய் வாருங்கள். வழக்கறிஞர் ஒருவரிடம் காட்டி எழுதினால் அப்பாவின் பயத்துக்கும் பதில் கிடைக்கும். என்ன முடிவெடுத்தீர்கள் என்று எழுதுங்கள்.