மகள் செய்த அறுந்த விரல்

அம்மா, மகளின் இழுப்பறையில் கிடைத்தது என்று நீங்கள் துணியில் சுற்றிக் கொண்டுவந்த அந்தச் சிலிக்கோன் விரலை மறுபடி எடுத்துப் பாருங்கள். மூட்டின்மேல் சுருக்கம், நகத்தடியில் துளி அழுக்கு. அந்த அழுக்கை வைக்கத் தோன்றுவதற்கே மனிதர்களின் கைகளை எத்தனை நாள் உற்றுப் பார்த்திருக்க வேண்டும்! பிள்ளையின் மனத்தில் ஏதோ கோளாறு என்று அழுதீர்கள். எனக்கு அந்த விரலில் தேர்ந்த கண்தான் தெரிகிறது.

திகில் படங்களுக்குக் காயமும் பேயுருவமும் செய்வது மதிப்பான கைத்தொழில். 1982-ல் ஒப்பனைக்கென்று தனி ஆஸ்கர் பிரிவு தொடங்கியபோது, முதல் விருது ஓநாய் மனிதனை உருவாக்கிய ரிக் பேக்கருக்குத்தான் போனது. இளவயதில் அவருக்கு வழிகாட்டியவர் டிக் ஸ்மித் என்ற மூத்த கலைஞர்.

படிப்பை விட்டுவிடுவாளோ என்றுதானே அஞ்சுகிறீர்கள்? இந்த வேலைக்கே வேதியியல் வேண்டும். கந்தகம் கலந்த களிமண்ணின்மேல் பிளாட்டினத்தின் உதவியால் இறுகும் வகைச் சிலிக்கோனை ஊற்றினால் அது இறுகாது. மறுநாளும் பிசுபிசுவென்றே கிடக்கும். லேடெக்ஸ் என்னும் இயற்கை ரப்பர் கையுறை பட்டாலும் அதே கதிதான். உடற்கூறு வேண்டும், சிற்பம் வேண்டும். பள்ளி முடிந்ததும் சிற்பக்கலைப் படிப்பில் சேரச் சொல்வேன். ஒரு மாத ஒப்பனைப் பயிற்சியில் காயத்தின் நடுப்பகுதியைச் செய்யக் கற்றுவிடலாம். அதன் விளிம்பு நடிகரின் தோலோடு தெரியாமல் கலப்பதற்கு ஆண்டுக்கணக்கில் கை பழக வேண்டும்.

வருமானத்தைப் பற்றி மறைக்க மாட்டேன். சிறு முதலீட்டுப் படங்களில் தொடக்கத்தில் சம்பளம் சொற்பம். திரையில் பெயர் போடுகிறோம் என்பதோடு முடித்துவிடுகிறவர்களும் உண்டு. பொருட்செலவை முன்கூட்டியே வாங்காமல் அவள் வேலையைத் தொடங்கக் கூடாது. படப்பிடிப்பு எத்தனை நாள் என்றும் கேட்டுக்கொள்ள வேண்டும். நடிகரின் முகத்தில் ஒட்டிய சிலிக்கோன் துண்டைக் கழற்றும்போது மெல்லிய விளிம்பு கிழிந்துவிடும். மூன்று நாள் படப்பிடிப்பு என்றால் மூன்று துண்டுகள். இந்தக் கணக்கை மறந்து கைக்காசை இழந்த இளைஞர்களைப் பார்த்திருக்கிறேன்.

சினிமா கைகொடுக்காத காலத்திலும் இதே திறமைக்கு வேலை உண்டு. நோயிலோ விபத்திலோ காதையும் மூக்கையும் இழந்தவர்களுக்குச் சிலிக்கோனில் செயற்கை உறுப்பு செய்யத் தனிப் பயிற்சி இருக்கிறது. மருத்துவ மாணவர்களின் பயிற்சிக்கும் செயற்கைக் காயங்கள் தேவைப்படுகின்றன.

ஒன்றில் மட்டும் கண்டிப்பாக இருங்கள். கையையோ முகத்தையோ நேரடியாகப் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸில் புதைக்க விடாதீர்கள். இறுகும்போது அது தோலை வேகவைக்கும் அளவுக்குச் சூடேறும். உடலில் அச்செடுக்க, நீரில் குழைத்தால் மென்மையாக இறுகும் ஆல்ஜினேட் என்ற மாவு இருக்கிறது. முகத்தில் எடுத்தால் மூக்குத் துளைகள் திறந்தே இருக்க வேண்டும், பக்கத்தில் அனுபவசாலி ஒருவர் நிற்க வேண்டும்.

அடுத்த முறை அச்செடுக்க அவள் ஒரு கையைத் தேடும்போது உங்கள் கையை நீட்டுங்கள் அம்மா. சற்றுக் குளிரும், சில நிமிடங்களில் இறுகிவிடும். அதுவரை விரல்களை அசைக்காமல் இருந்தால் போதும்.