பிளாட்டர்ஸ் திரைக்கு வந்த கதை: கேள்வி பதில்

கேள்வி: சார், அமெரிக்கக் கறுப்பினப் பாடகர் குழுவான பிளாட்டர்ஸ் நடித்த முதல் படம் எது?

பதில்: 1956இல் கொலம்பியா பட நிறுவனம் வெளியிட்ட ‘ராக் அரௌண்ட் த கிளாக்’. தயாரிப்பாளர் சாம் காட்ஸ்மேன், ஊர் பேசும் சங்கதி ஆறுவதற்குள் குறைந்த செலவில் படமெடுத்து விற்பதில் கைதேர்ந்தவர். படத்தின் நாயகக் குழு ராக் அண்ட் ரோல் பாடகர் பில் ஹேலியுடையது. பிளாட்டர்ஸுக்கு ‘ஒன்லி யூ’, ‘த கிரேட் பிரிடெண்டர்’ என இரண்டு பாட்டு.

கேள்வி: அண்ணா, அதற்கு முன் இவர்களை யாருக்குத் தெரியும்?

பதில்: பெரிதாகத் தெரியாது. ஃபெடரல் இசைத்தட்டு நிறுவனத்தில் பதிந்த ‘ஒன்லி யூ’ எடுபடவில்லை. இன்னொரு இசைத்தட்டு நிறுவனமான மெர்குரி அப்போது தேடி வந்தது ‘பெங்குவின்ஸ்’ என்ற பாடகர் குழுவை. இரு குழுக்களுக்கும் மேலாளர் பக் ராம். “பிளாட்டர்ஸையும் சேர்த்து எடுத்தால்தான் பெங்குவின்ஸ்” என்று ஒரே பிடியாக நின்றார். 1955இல் அதே பாட்டை மெர்குரிக்கு மறுபடி பாடினார்கள், நாடெங்கும் ஒலித்தது. வேண்டாவெறுப்பாக எடுத்த குழுதான் மெர்குரிக்குச் சோறு போட்டது!

கேள்வி: படத்தில் பாட்டு மட்டும்தானா? கதாபாத்திரம் தரவில்லையா?

பதில்: தரவில்லை. எனக்கு இன்றும் ஆறாத ஆதங்கம் இது. ‘கிரேட் பிரிடெண்டர்’ அந்த ஆண்டே பாப் பட்டியலில் முதலிடம் பிடித்த பாட்டு. ஆனாலும் வந்தார்கள், பாடினார்கள், போனார்கள். கறுப்பினக் கலைஞர்களுக்கு ஹாலிவுட் ஒதுக்கிய இடம் அவ்வளவுதான். 1940களில் கறுப்பினப் பாடகி லீனா ஹார்னின் பாட்டுக் காட்சிகளைக் கதையோடு ஒட்டாமல் எடுப்பார்கள், நிறவெறி மிகுந்த அமெரிக்கத் தென் மாநிலத் திரையரங்குகள் வெட்டிவிட்டு ஓட்டுவதற்கு வசதியாக. 1957இல் வானொலி அறிவிப்பாளர் ஆலன் ஃபிரீடின் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் 14 வயதுக் கறுப்பினப் பாடகன் ஃபிராங்கி லைமன் ஒரு வெள்ளைக்காரச் சிறுமியோடு ஆடினான். தெற்கே எதிர்ப்பு கிளம்பியது, நிகழ்ச்சியே நின்றுபோனது. ஒரு பிள்ளையின் ஆட்டத்துக்கே அந்த ஆத்திரம்.

கேள்வி: படப்பிடிப்பில் நேரடியாகப் பாடினார்களா?

பதில்: இல்லை, பதிந்த பாட்டுக்கு வாயசைப்பு. நம் படங்களில் பழகியதுதான், ஆனால் வாயசைப்பவரே பாடியவர்.

கேள்வி: குழுவில் டேவிட் லிஞ்ச் என்று ஒருவர் இருக்கிறாரே, இயக்குநரா?

பதில்: வேறு ஆள். டோனி வில்லியம்ஸ், டேவிட் லிஞ்ச், பால் ரோபி, ஹெர்ப் ரீட், ஒரே பெண்குரலான ஸோலா டெய்லர், இந்த ஐவர்தான் அன்றைய குழு.

கேள்வி: ஐயா, எதை முதலில் பார்க்கலாம்?

பதில்: வண்ணத்தில் பார்க்க அதே 1956இன் ‘த கேர்ள் கான்ட் ஹெல்ப் இட்’ உண்டு. ஆனாலும் கறுப்பு வெள்ளை ‘ஒன்லி யூ’விலிருந்தே தொடங்குங்கள். ‘ஒன்லி’ என்ற சொல்லை டோனி உடைத்து மேலே ஏற்றும் இடத்தில் கண்ணை மூடிவிடாதீர்கள், அவர் முகத்தைப் பாருங்கள்.