பந்தி விசாரணை: காத்மாண்டுவில் ஒரு சாயங்காலம்

போன இதழில் சுக்குக் காப்பியைப் பற்றி எழுதும்போது, பேச்சோடு பேச்சாகக் காத்மாண்டுவைத் தொட்டுவிட்டேன். அங்கே பயணிகளைத் தரையில் உட்கார வைத்து, நேபாளச் சாப்பாடு போட்டு, நடுநடுவே நாட்டுப்புற ஆட்டமும் ஆடிக் காட்டுவார்கள் என்று நாலு வரி. ‘குந்த்ருக்’ என்ற, புளிக்க வைத்துக் காயவைத்த கீரைக்கு ‘கீரைக் கருவாடு’ என்று பேரும் வைத்திருந்தேன். சுக்குக் காப்பியை ஒருத்தரும் சீந்தவில்லை. வந்த கடிதமெல்லாம் அந்த நாலு வரிக்குத்தான்.

புதிதாகப் படிப்பவர்களுக்கு: நான் உச்சிப்புளிக்காரன். யாத்திரைக் கூட்டத்தோடு அண்டா, குண்டான், அரிசி மூட்டை எல்லாம் கட்டிக்கொண்டு போகிற சமையல்காரனாக ஒன்பது தடவை நேபாளம் போய் வந்திருக்கிறேன். இப்போது முட்டி வலி. ஊரோடு மெஸ் வைத்திருக்கிறேன்.

அம்மாவையும் அத்தையையும் முக்திநாத் கூட்டிப் போகிறோம். இருவரும் சைவம். வழியில் காத்மாண்டுவில் அந்த விருந்துக்குப் போனால் அவர்களுக்குச் சாப்பிட ஏதாவது இருக்குமா?
*மண்டபம் வாசகி*

தாராளமாகப் போங்க தங்கச்சி. நேபாளத்தில் சாப்பாடு என்றாலே ‘தால் பாத் தர்காரி’தான். பருப்பு, சோறு, காய். வெண்கலத் தட்டின் நடுவில் சோற்றைக் குவித்து, சுற்றிலும் கிண்ணங்களில் பருப்பு, காய், கீரை, ஊறுகாய் வைப்பார்கள். தட்டு காலியாகக் காலியாக வந்து போட்டுக்கொண்டே இருப்பார்கள். ‘புக்யோ’ என்று சொன்னால்தான் கரண்டி நிற்கும். போதும் என்று அர்த்தம். இந்த ஒரு சொல்லை அத்தைக்குச் சொல்லிக் கொடுத்துவிடுங்கள்.

சோறு வருவதற்கு முன்னால் காத்மாண்டுப் பள்ளத்தாக்கு நேவார் மக்களின் ‘சமய் பஜி’ வரும். அவல், வறுத்த கறுப்பு சோயா, இஞ்சி, காரமான உருளைக்கிழங்கு, அப்புறம் ‘பாரா’. பாரா என்பது அரைத்த உளுந்தைக் கல்லில் தட்டையாகச் சுட்டது. ஓட்டையில்லாத உளுந்து வடை என்று சொன்னால் அம்மாவுக்குப் புரிந்துவிடும். இதோடு கறியும் வைப்பது வழக்கம். அதனால் சைவம் என்று இடம் சொல்லி வைக்கும்போதே சொல்லிவிடுங்கள்.

பருப்பைத் தாளிக்க ‘ஜிம்பு’ என்று ஒரு காய்ந்த இலை போடுவார்கள். முஸ்தாங் பக்கத்து மலையில் கிடைக்கும் வெங்காயச் சாதி. நெய்யில் பட்டதும் பூண்டும் பெருங்காயமும் கலந்த மாதிரி ஒரு வாசம். அத்தை வெங்காயம், பூண்டு தொடாதவர் என்றால் இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். கடுகெண்ணெய் முதல் நாள் மூக்கில் ஏறும். மூன்றாம் நாள் பழகிவிடும். அட்டையில் ‘பஃப்’ என்று போட்டிருந்தால் எருமைக்கறி. நம்ம பேக்கரி பஃப்ஸை நினைத்துக்கொண்டு பஃப் மோமோ கேட்டுவிடப் போகிறீர்கள்.

விலையைப் பார்த்துப் பதற வேண்டாம், அது நேபாள ரூபாய். நம்ம 100 ரூபாய் அங்கே 160. கடிகாரமும் நம்மைவிடக் கால் மணி நேரம் முந்தி ஓடும். ஏழு மணி ஆட்டம் என்றால் நம்ம கைக்கடிகாரத்தில் ஆறே முக்கால். எங்கள் கூட்டம் ஒரு தடவை இதில் ஏமாந்து முதல் ஆட்டத்தைக் கோட்டைவிட்டது.

காக்கா, ஒரு பெண் கெண்டியைத் தலைக்கு மேல் தூக்கி, கீழே இருக்கிற குட்டி மண்கிண்ணத்தில் சிந்தாமல் ஊற்றுகிற படம் பார்த்தேன். என்ன பானம் அது?
*கீழக்கரை வாசகர்*

நமக்கு ஆகாத பானம் தம்பி. சாராயம். அரிசியிலோ கேழ்வரகிலோ காய்ச்சி வடிப்பது. பொதுவாக ‘ரக்ஸி’ என்பார்கள், நேவார்களுக்கு அது ‘அய்லா’. அந்தக் கெண்டிக்குப் பேர் ‘அந்தி’. சாயங்கால விருந்துக்கு இதைவிடப் பொருத்தமான பேர் கிடைக்குமா?

2011-ல் 38 பேரோடு போயிருந்தோம். கூட்டத்தில் 74 வயது அப்பத்தா ஒருவர். வாசலில் நெற்றியில் திலகம் இட்டு, கைகூப்பி உள்ளே அனுப்பினார்களா, அவர் அதைக் கோயில் என்றே முடிவு கட்டிவிட்டார். சம்மணம் போட்டு உட்கார்ந்தார். அந்தப் பெண் கெண்டியைத் தூக்கிக்கொண்டு வரவும், கிண்ணத்தைத் தள்ளி வைத்துவிட்டு வலது கையைக் குழித்து நீட்டினார். அந்தப் பிள்ளை திகைத்துப்போய் நாலு சொட்டு விட்டது. அப்பத்தா வாயில் விட்டுக்கொண்டு, மீதியைத் தலையில் தடவிக்கொண்டு, “என்னப்பா, தீர்த்தம் இந்தக் காந்து காந்துது” என்றார். ராமேஸ்வரத்தில் 22 தீர்த்தத்திலும் தலை நனைத்த மனுஷி. இது 23-ஆவது என்று அவர் பேரன் இன்றைக்கும் சொல்லிச் சிரிப்பான். நேவார்கள் சாமிக்குப் படைக்கும்போதும் அய்லா வைப்பார்கள் என்று எனக்குப் பிற்பாடுதான் தெரிந்தது. அப்பத்தா நினைத்தது அப்படியொன்றும் தப்பில்லை.

வேண்டாம் என்றால் கிண்ணத்தை உள்ளங்கையால் மூடிக்கொள்ளுங்கள், வற்புறுத்த மாட்டார்கள். கறி விஷயத்தில் சந்தேகம் வந்தால் சைவத் தட்டே நிம்மதி.

அங்கே ஆடுவது நிஜமான நாட்டுப்புற ஆட்டமா, பயணிகளுக்காகச் செய்த பொம்மைக் கூத்தா?
*தொண்டி, கல்லூரி மாணவர்*

ஆட்டமெல்லாம் நிஜ ஆட்டம்தான். ஆனால் ஒவ்வொன்றுக்கும் ஒரு ஊர் இருக்கிறது, ஒரு காலம் இருக்கிறது. ‘தான் நாச்’ என்பது கிழக்கு மலையில் லிம்பு மக்கள் கைகோத்து ஆடும் நெல் ஆட்டம். தாரு மக்கள் தெற்கே தராய்ச் சமவெளிக்காரர்கள். அவர்களுடைய கம்பாட்டம் நம்ம கோலாட்டத்துக்கு அண்ணன் மாதிரி, கம்பு மட்டும் நீளம். தாமாங் மக்கள் ‘டம்ஃபு’ என்ற வட்டத் தப்பை அடித்துக்கொண்டே பாடி ஆடுவார்கள். மகர் மக்களின் ‘மாருனி’யில் ஆண்கள் பெண் வேஷம் கட்டுவது பழைய வழக்கம், கூடவே ஒரு கோமாளியும் உண்டு. திருவிழா நாடகத்துப் பபூனைப் பார்த்து வளர்ந்த நமக்கு இதற்கு விளக்கம் தேவையில்லை. ‘லாக்கே’ சிவப்பு முகமூடியும் கோரைப்பல்லும் சடைமுடியுமாக வருகிற அரக்கன். இந்திர ஜாத்திரை சமயத்தில் காத்மாண்டு தெருவில் கூட்டத்தைக் கலைத்துக்கொண்டு ஆட வேண்டியவன். இங்கே சாப்பாட்டு வரிசைக்கு நடுவில் வந்து குழந்தைகளை அழ வைத்துவிட்டுப் போகிறான்.

இத்தனையையும் ஒரே கூடத்தில், ஒன்றுக்கு நாலைந்து நிமிஷம் என்று வெட்டி வைக்கிறார்கள். ஆடுவதும் அதே ஆறேழு பிள்ளைகள்தான். லிம்புவாக உள்ளே ஓடி, தாருவாக வெளியே வருவார்கள். நான் முதல் தடவை எட்டு ஆட்டம் பார்த்தேன். மறுநாள் பஸ்ஸில் நினைத்துப் பார்த்தால் பாவாடையின் நிறம்தான் ஞாபகம் இருக்கிறது. மாதல் வாசித்த பெரியவர் மட்டும் மனசில் நின்றார். மாதல் என்பது இரண்டு பக்கமும் கையால் வாசிக்கிற தோல்வாத்தியம், தோலின் நடுவில் நம்ம மிருதங்கம் மாதிரி கருப்பு அப்பியிருக்கும். யார் எந்த வேஷத்தில் வந்தாலும் மனுஷர் இடத்தைவிட்டு அசையவில்லை. எல்லா ஊர்த் தாளமும் அவர் மடியிலிருந்துதான் வந்தது.

எனக்கு எங்கே போனாலும் அடுப்படியை எட்டிப் பார்க்காவிட்டால் சோறு இறங்காது. ஆட்டம் முடிந்ததும் பின்பக்கம் போனேன். ஆடிய பிள்ளைகள் மை கலையாமல் வட்டமாக உட்கார்ந்து ‘டிண்டோ’ சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். நம்ம கேப்பைக் களியேதான். கொதிக்கிற தண்ணீரில் மாவைத் தூவிக் கிண்டுகிறார்கள், உருட்டிக் குழம்பில் முக்கி மெல்லாமல் விழுங்குகிறார்கள். பக்கத்தில் குந்த்ருக் சாறு. நானும் சமையல்காரன் என்று கையைக் காட்டிப் புரிய வைத்ததும் நகர்ந்து இடம் விட்டார்கள். பத்துப் பதினைந்து வகை வைத்த முன்கூடத்தில் அது இல்லை. நீங்கள் போனால், பட்டியலில் இல்லாவிட்டாலும் டிண்டோ இருக்கிறதா என்று ஒரு வார்த்தை கேளுங்கள்.

கீரைக் கருவாட்டை வீட்டில் செய்ய முடியுமா?
*பாம்பன் வாசகி*

முடியும், வீட்டில் உள்ளவர்கள் பொறுத்துக்கொண்டால். கடுகுக்கீரை, முள்ளங்கிக்கீரை, காலிஃபிளவர் இலை, எது கிடைத்தாலும் ஒன்றிரண்டு நாள் வாட விட வேண்டும். பிறகு நசுக்கி, மண்பானையில் காற்றுப் புகாமல் அழுத்தி அடைத்து, சூடான இடத்தில் ஒரு வாரம். புளித்ததும் எடுத்து வெயிலில் மொறுமொறுவென்று காயவைத்தால் மாதக்கணக்கில் கெடாது. சாறு வைக்கலாம், ஊறுகாய் போடலாம். நான் முள்ளங்கிக்கீரையில் செய்தேன். நம்ம வெயிலுக்கு நாலாம் நாளே பானை பேச ஆரம்பித்துவிட்டது. ஐந்தாம் நாள் வீட்டுக்காரி பானையோடு வேலிக்கு வெளியே வைத்துவிட்டாள். இத்தனைக்கும் அவள் கருவாட்டுக் குடும்பத்துப் பெண்.

ஆனால் யோசனை இரண்டும் ஒன்றுதானே. மலையில் பச்சைக்கீரை இல்லாத பனிக்காலத்துக்கு அவர்கள் குந்த்ருக் எடுத்து வைக்கிறார்கள். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகு கடலுக்குப் போகாதபோது நமக்குக் கருவாட்டுப் பானை.

உங்களுக்கு இதைவிட லேசாக வருவது ‘சித்ரா அச்சார்’. சித்ரா என்றால் கருவாடு. கடலே இல்லாத நாட்டில் ஆற்றிலும் குளத்திலும் பிடித்த பொடி மீனைக் காயவைப்பார்கள். நீங்கள் நெத்திலிக் கருவாட்டை எடுத்துத் தலையைக் கிள்ளி, வெறும் சட்டியில் வறுங்கள். தக்காளியைத் தணலில் சுட்டுத் தோலை உரியுங்கள். பூண்டு, உப்பு, 2023-ல் புவிசார் குறியீடு வாங்கிய நம்ம முண்டு வத்தல், எல்லாம் சேர்த்து அம்மியில் ஒன்றிரண்டாகத் தட்டுங்கள். அங்கே இதில் ‘டிம்முர்’ போடுவார்கள். எலுமிச்சைத் தோல் வாசத்தோடு நாக்கைச் சுருசுருவென்று மரத்துப்போக வைக்கும் மலைக்காய். மிளகு அதற்கு ஈடாகாது, போடாமலே இருங்கள். பழைய சோற்றுக்கு இதை வைத்துப் பார்த்துவிட்டு எழுதுங்கள்.

வீட்டு மாடியில் பயணிகளைத் தங்க வைக்கிறோம். நவபாஷாணம் பார்க்க நேபாளத்திலிருந்தும் யாத்திரிகர்கள் வருகிறார்கள். அவர்களுக்கு நேபாளச் சாப்பாடு போட்டு, ஆட்டமும் வைத்து ஒரு சாயங்காலம் நடத்தலாமா அண்ணே?
*தேவிபட்டினம் வாசகி*

சாயங்காலம் நடத்தலாம், அவசியம் நடத்தணும். ராமேஸ்வரம் பக்கம் வருகிறவர்களுக்குக் காலையெல்லாம் வேலை இருக்கிறது. அக்னி தீர்த்தம், கோயில் தீர்த்தம், தரிசனம், வெயில் தாழ தனுஷ்கோடி. இருட்டிவிட்டால் போக்கிடமில்லை. அறையில் டிவி, இல்லாவிட்டால் ரயிலடி.

நேபாளச் சாப்பாடு மட்டும் வேண்டாம் தங்கச்சி. நேபாளிக்கு நீங்கள் தால் பாத் வைத்தால் மனசுக்குள் அவர் அம்மா சமையலோடு ஒப்பிடுவார், நீங்கள் தோற்றுப்போவீர்கள். உங்கள் வீட்டில் ராத்திரிக்கு என்ன சாப்பிடுவீர்களோ அதைப் போடுங்கள். சைவமா அசைவமா என்று முதலிலேயே கேட்டுக்கொள்ளுங்கள், காரத்தைப் பாதியாக்குங்கள். கேப்பைக் களி கிண்டினால் அவர்களே ‘டிண்டோ’ என்று கூவுவார்கள். இலையைப் பார்த்தும் முழிக்க மாட்டார்கள், சால மரத்து இலையைத் தைத்து ‘தபரி’ என்று அவர்களும் விசேஷத்துக்குப் பயன்படுத்துகிறார்கள். எச்சில் பார்ப்பதும் நம்மைப் போலத்தான், அங்கே ‘ஜூட்டோ’. அதனால் பரிமாறுகிற கரண்டி தவறியும் யார் இலையிலும் படக்கூடாது.

ஆட்டத்துக்கு வெளியூர்க் குழுவைத் தேட வேண்டாம். உங்கள் பக்கத்தில் ஒயிலாட்டம் ஆடுகிறவர்கள் இருப்பார்களே, அவர்கள் போதும். அந்த ஒரே ஆட்டத்தை அரை மணி நேரத்துக்குக் குறையாமல் விடுங்கள். ஒயில் மெல்லத் தொடங்கி, போகப் போகத்தான் கால் சூடு பிடிக்கும். நாலு நிமிஷத்தில் நறுக்கினால் அது துண்டு வீசுவதாகத்தான் தெரியும். எட்டு ஆட்டம் பார்த்தவன் சொல்கிறேன். மைக்கும் வேண்டாம். ஆடுகிறவர்களுக்கு முதல் பந்தி, விருந்தாளிக்கு இரண்டாம் பந்தி. பணத்தை ஆட்டத்துக்கு முன்னாலேயே கையில் கொடுத்துவிடுங்கள்.

அங்கிருந்து ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்ளலாம். ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன்னால் ஒரு ஆள் வந்து இது எந்த ஊர், எப்போது ஆடுவது என்று இரண்டு வரி சொல்லும். எடுத்துக்கொள்ளக் கூடாததையும் சொல்கிறேன்: விளக்கை மங்கவைத்த பிறகு பருப்பு ஊற்றக் கூடாது. என் வேட்டி ஒன்று அப்படித்தான் போனது.

பேச்சுக் கொடுக்க வழி தெரியாவிட்டால் முளைப்பாரிப் படம் ஒன்றைக் காட்டுங்கள். தசைன் பண்டிகையில் அவர்கள் வீட்டுக்குள் இருட்டில் பார்லி முளைக்க வைத்து, மஞ்சளாக வளர்ந்த நாற்றைப் பத்தாம் நாள் பெரியவர்கள் கையால் தலையில் சூடிக்கொள்வார்கள். ‘ஜமரா’ என்று பேர். நாம் இருட்டறையில் வளர்த்துத் தலையில் சுமந்து குளத்தில் கரைக்கிறோம். இதைச் சொன்னால் அந்தக் கூட்டத்துப் பெண்கள் உங்களை விட மாட்டார்கள். பாஷை எப்படியோ வந்துவிடும்.

கடைசியில் பயணிகளையும் ஆட இழுப்பார்களாமே? நீங்கள் ஆடினீர்களா?
*தங்கச்சிமடம் வாசகர்*

இழுத்தார்கள். அவர்கள் காலடி எனக்கு வரவில்லை. தோளில் கிடந்த துண்டை உருவி, சின்ன வயசில் ஆடிய ஒயிலை நாலு அடி போட்டேன். மாதல்காரப் பெரியவர் ஒரு நிமிஷம் என் காலையே பார்த்தார், தாளத்தை மாற்றினார். முட்டி அப்போது நன்றாக இருந்தது.