நம் நிறுவனத்தைப் பற்றி நாமே எழுதலாமா?

கேள்வி: பன்னிரண்டு ஆண்டுகளாகத் தண்ணீர் வடிகட்டி தயாரிக்கும் சிறிய நிறுவனம் நடத்துகிறேன். விக்கிப்பீடியாவில் எங்களைப் பற்றி நானே ஒரு கட்டுரை எழுதினேன். ஒரே நாளில் நீக்கிவிட்டார்கள். அதில் ஒரு பொய்கூட இல்லை. இப்போது ஒருவர், பணம் கொடுத்தால் யாரும் நீக்க முடியாதபடி கட்டுரை போட்டுத் தருகிறேன் என்கிறார். கொடுக்கலாமா? கட்டுரையின் நகலை இணைத்திருக்கிறேன்.

பதில்: கொடுக்காதீர்கள். நீக்க முடியாத கட்டுரை என்று விக்கிப்பீடியாவில் எதுவும் கிடையாது. அந்த உறுதியைத் தர யாருக்கும் அதிகாரம் இல்லை. 2015-ல் ஆங்கில விக்கிப்பீடியாவில் 381 கணக்குகளை மொத்தமாகத் தடை செய்தார்கள். நிராகரிக்கப்பட்ட வரைவுகளைத் தேடிப் பிடித்து, சம்பந்தப்பட்டவர்களிடம் பணம் வாங்கிக் கட்டுரை ஏற்றிய கூட்டம் அது. ஏற்றிய பிறகு, அதைப் பாதுகாக்க மாதாமாதம் பணம் கேட்டதும் உண்டு. கடைசியில் 200-க்கும் மேற்பட்ட கட்டுரைகள் நீக்கப்பட்டன. பணம் கட்டியவர்களில் பலர் உங்களைப் போன்ற சிறு தொழில் செய்பவர்கள்.

சரி, உங்கள் கட்டுரைக்கு வருவோம். பொய் இல்லை என்பதை நம்புகிறேன். ஆனால் அங்கே முதலில் கேட்கப்படுவது வேறு: உங்களோடு தொடர்பே இல்லாதவர்கள் உங்கள் நிறுவனத்தைப் பற்றி விரிவாக எழுதியிருக்கிறார்களா? நகலில் ஆறு இணைப்புகள் பார்த்தேன். நான்கு உங்கள் சொந்தத் தளம். ஒன்று தொழில் முகவரிப் பட்டியல். ஆறாவது ஒரு நாளிதழ்ச் செய்தி. அதிலும் கண்காட்சியில் கலந்துகொண்டவர்கள் வரிசையில் உங்கள் பெயர் மட்டும் வருகிறது. இதை வைத்து ஒரு பத்திகூட எழுத முடியாது. நீங்கள் கொடுத்த பேட்டியும், நீங்கள் அனுப்பிய அறிக்கையை அப்படியே போட்ட செய்தியும் இந்தக் கணக்கில் சேராது.

எனக்கும் இது நடந்திருக்கிறது. முன்பு வேலை பார்த்த நிறுவனத்தைப் பற்றி எழுதியபோது, 'தரத்துக்குப் பெயர்போன' என்று ஒரு வரி சேர்த்தேன். கட்டுரையைப் பற்றி விவாதிக்கும் பேச்சுப் பக்கத்தில் ஒருவர் ஒரே கேள்விதான் கேட்டார்: யார் சொன்னது? மாலை முழுக்கத் தேடினேன். கிடைத்த ஒவ்வொரு இணைப்பும் சுற்றிச் சுற்றி எங்கள் அறிக்கையில்தான் போய் நின்றது. அந்த வரியை நானே எடுத்துவிட்டேன்.

விக்கிப்பீடியாவை நிறுவியவர்களில் ஒருவரான ஜிம்மி வேல்ஸே தன்னைப் பற்றிய கட்டுரையில் கை வைத்ததற்காக 2005-ல் வருத்தம் தெரிவிக்க வேண்டியிருந்தது. யார் எதை மாற்றினாலும் பக்க வரலாற்றில் பதிவாகும், நீங்களாக மறைக்க முடியாது.

பிற்காலத்தில் உங்களைப் பற்றி நல்ல கட்டுரைகள் வெளிவந்தால், அப்போது முயலலாம். கணக்கை நிறுவனப் பெயரில் தொடங்காதீர்கள், தடை செய்துவிடுவார்கள். நிறுவனம் உங்களுடையது என்பதை உங்கள் கணக்குக்கு உரிய பயனர் பக்கத்தில் எழுதுங்கள். சம்பளம் கொடுத்து ஊழியரை எழுத வைத்தால் அவரும் அதை வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். 2014 முதல் பயன்பாட்டு விதிகளிலேயே இது இருக்கிறது. கட்டுரையை நேரடியாக ஏற்றாமல், வரைவாக மற்றவர்கள் பார்வைக்கு வையுங்கள். உங்கள் தளத்திலிருந்து வரிகளை நகலெடுக்காதீர்கள், பதிப்புரிமைச் சிக்கலில் அதுவும் நீக்கப்படும்.

இன்னொன்றையும் யோசியுங்கள். கட்டுரை நிலைத்துவிட்டால் அது உங்களுடையது அல்ல. நாளை உங்கள் வடிகட்டி ஒன்றில் குறை இருந்து, அது நாளிதழில் வந்தால், யார் வேண்டுமானாலும் அதைச் சேர்க்கலாம். பிடிக்கவில்லை என்பதற்காக அதை நீங்கள் எடுக்க முடியாது. தகவல் தவறென்றால் பேச்சுப் பக்கத்தில் சான்றோடு கேட்கலாம், அவ்வளவுதான்.

இப்போதைக்கு நிறுவனத்தை விட்டுவிடுங்கள். கரி வடிகட்டி எதை நீக்கும், எதை நீக்காது, ஆர்.ஓ. சவ்வு ஏன் அடைத்துக்கொள்கிறது என்பதெல்லாம் பன்னிரண்டு ஆண்டுகளாக நீங்கள் கையால் தொட்டுப் பார்த்த விஷயம். நிறுவனப் பெயர் இல்லாமல், பாடநூல் மேற்கோள்களோடு அதைத் தமிழில் எழுதுங்கள். முதல் வரைவை எனக்கு அனுப்பினால் மேற்கோள்களைச் சரிபார்த்துத் தருகிறேன்.