பிரஸ்பர்கர் என்ன செய்தார்?

வணக்கம்.

போன வாரம் ‘தி லைஃப் அண்ட் டெத் ஆஃப் கர்னல் பிளிம்ப்’ (1943) என்ற பிரிட்டிஷ் படம் பார்த்தேன். படத்தைப் பற்றித் தேடினால் எல்லாரும் இயக்குநர் மைக்கேல் பவலைத்தான் புகழ்கிறார்கள். கூடவே வரும் எமரிக் பிரஸ்பர்கர் ஹங்கேரிக்காரராம், முப்பது வயதுக்கு மேல்தான் ஆங்கிலம் கற்றாராம். இத்தனை ஆங்கிலேயத்தனமான படத்தை அவர் எப்படி எழுதியிருக்க முடியும்? உண்மையில் அவருடைய பங்கு என்ன?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

பெரிய பங்கு. பிரஸ்பர்கர் கதையைக் கட்டி முதல் வரைவை எழுதுவார், பவல் அதை வாங்கி வசனத்தில் கை வைப்பார், தாள்கள் இருவருக்கும் இடையே போய்ப்போய் வரும். படப்பிடிப்புத் தளம் பவலுடையது. படத்தொகுப்பிலும் இசையிலும் மறுபடி பிரஸ்பர்கர் வந்து உட்காருவார். அதனால்தான் படத்தின் பெயர்ப் பட்டியலில் எழுத்து, தயாரிப்பு, இயக்கம் மூன்றையும் இரண்டு பேருக்கும் பொதுவாகப் போட்டார்கள். எழுதியவர் பெயர் ஒரு மூலையில் கிடக்கும் தொழில் இது. அதில் இயக்குநர் ஒருவர் இப்படிப் பங்கிட்டுக்கொண்டதற்காகவே பவல் மீது எனக்குத் தனி மரியாதை.

பிரஸ்பர்கர் 1902இல் ஹங்கேரியின் மிஷ்கோல்ட்ஸில் பிறந்த யூதர். பெர்லினுக்குப் போய்ப் பத்திரிகைகளில் கதை எழுதி, உஃபா என்ற பெரிய ஜெர்மன் சினிமா ஸ்டுடியோவில் திரைக்கதையாளர் ஆனார். 1933இல் ஹிட்லர் வந்ததும் அந்த வாழ்க்கை முடிந்தது. நாஜிகள் கதவை உடைக்க வேண்டாமே என்று சாவியைப் பூட்டிலேயே விட்டுவிட்டுக் கிளம்பினார் என்று சொல்வார்கள். பாரிஸ், பிறகு 1935இல் லண்டன். அங்கே இன்னொரு ஹங்கேரியரான தயாரிப்பாளர் அலெக்ஸாண்டர் கோர்டாதான் ‘தி ஸ்பை இன் பிளாக்’ படத்துக்காக அவரையும் பவலையும் சேர்த்துவைத்தார்.

சரி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். ஆங்கிலேயரிடம் அவர் நேசித்ததை ஆங்கிலேயர்கள் கவனிப்பதே இல்லை, அவர்களுக்கு அது பழகிப்போனது. அவரோ அந்த நாட்டைத் தேர்ந்தெடுத்து வந்தவர். ‘பிளிம்ப்’ படத்தில் ஜெர்மானியர் தியோ 1939இல் அகதியாக விசாரணை அதிகாரி முன்னால் உட்காரும் காட்சியை இன்னொரு முறை பாருங்கள். ஏன் வந்தாய் என்று கேட்கிறார்கள். செத்துப்போன ஆங்கிலேய மனைவியைப் பற்றிச் சொல்கிறார். நாஜிகளாகிவிட்ட மகன்கள் தாயின் சவ அடக்கத்துக்குக்கூட வரவில்லை என்கிறார். குரல் உயர்வதில்லை. கேமரா மெல்ல அவர் முகத்தை நெருங்குகிறது, அவ்வளவுதான். நடித்தவர் வியன்னாவில் பிறந்த ஆன்டன் வால்புரூக், அவரும் நாஜிகளால் ஜெர்மனியை விட்டு வந்தவர். எழுதியவரும் போர்க்கால லண்டனில் அயல்நாட்டவராகக் கட்டுப்பாடுகளோடு வாழ்ந்தவர். உள்ளூர் எழுத்தாளர் யாரும் இந்தக் காட்சியை இப்படி எழுதியிருக்க முடியாது என்பது என் உறுதியான கருத்து. திரைக்கதை என்பது வசன சாமர்த்தியம் மட்டும் இல்லை. யாரை எந்த நாற்காலியில் உட்காரவைப்பது, எவ்வளவு நேரம் பேசவிடுவது என்பதும் எழுத்துதான்.

குண்டு விழுந்துகொண்டிருந்த காலத்தில் ஒரு நல்ல ஜெர்மானியரை எழுதினார் என்பதையும் மறக்காதீர்கள். பிரதமர் சர்ச்சில் அந்தப் படத்தை நிறுத்தவே பார்த்தார். அதற்கு முன்பே, ‘ஃபார்ட்டி நைன்த் பேரலல்’ (1941) படத்தில், கனடாவில் மாட்டிக்கொண்ட நாஜி நீர்மூழ்கிக் கப்பல்காரர்களில் ஒருவனை ரொட்டி சுடுகிறவனாக எழுதியிருந்தார். ஒரு ஜெர்மன் மொழி பேசும் மதக் குழுவின் பண்ணையில் அவன் பழைய வேலையைத் தொட்டதும் அங்கேயே தங்கிவிட ஆசைப்படுகிறான். அதற்காக அவனுடைய சகாக்களே அவனைக் கொல்கிறார்கள். கதைக்கான ஆஸ்கர் அவருக்கு இந்தப் படத்தில்தான் கிடைத்தது.

இவ்வளவையும் எழுதியவரின் தாய் நாஜிகளின் ஆஷ்விட்ஸ் வதைமுகாமில் செத்தார். அந்தத் துயரத்தை அவர் படங்களில் நேராகக் கொட்டவில்லை. பவலோடு கூட்டு 1957இல் முடிந்த பிறகு நாவலுக்குப் போனார். 1966இல் வந்த ‘தி கிளாஸ் பேர்ல்ஸ்’ நாவலின் நாயகன் லண்டனில் பியானோவுக்குச் சுருதி சேர்க்கும் ஒரு ஜெர்மானியன். அமைதியானவன், அக்கம்பக்கத்தாருக்குப் பிடித்தவன். உண்மையில் அவன் ஒளிந்து வாழும் நாஜி மருத்துவன். நம்மை அவன் பக்கத்திலேயே நிறுத்தி, பிடிபட்டுவிடுவானோ என்று நாமே பதறும்படி எழுதியிருக்கிறார். தாயை இழந்த ஒருவர் எழுதிய புத்தகம் இது! வெளிவந்தபோது யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை, இப்போது மறுபதிப்பு கிடைக்கிறது. கிடைத்தால் படித்துவிட்டு எழுதுங்கள்.