சம்பந்தி வீட்டுக்குப் போகுமுன் எந்தப் புத்தகம்?

கேள்வி:

அன்புள்ள அக்கா, நான் 1995-இல் யாழ்ப்பாணத்திலிருந்து கனடாவுக்கு வந்தவள். ஸ்காபரோவில் இருக்கிறோம். என் மூத்த மகள் தன்னோடு படித்த பையனைத்தான் கட்டுவேன் என்கிறாள். அவர் இங்கேதான் பிறந்தவர். அவர்களின் குடும்பம் ஜமைக்காவிலிருந்து வந்தது. குணமான பிள்ளை. ஆனால் தலையில் சடை விட்டிருக்கிறார், என் கணவருக்கு அது பிடிக்கவே இல்லை. வருகிற ஈஸ்டருக்குப் பையனின் அம்மம்மா எங்களைச் சாப்பாட்டுக்கு அழைத்திருக்கிறார். கொஞ்சமாவது தெரிந்துகொண்டு போவோம் என்று நூலகத்தில் ஒரு ஜமைக்கா நாவல் கேட்டேன். பரிசு வாங்கியது என்று தடித்த புத்தகம் ஒன்றைத் தந்தார்கள், பொப் மார்லியைச் சுட்ட கதை. பக்கத்துக்குப் பக்கம் துவக்கு, கொலை, கெட்ட வார்த்தை. நூறு பக்கத்தோடு மூடிவிட்டேன். மூன்று நாள் நித்திரை இல்லை. இப்படிப்பட்ட சனத்துக்குள்ளா என் பிள்ளை போகப்போகிறாள்? வேறு எதை வாசிக்கலாம்? என் இங்கிலீஷ் சுமார்தான்.

— ஒரு தாய், ஸ்காபரோ

பதில்:

அன்புத் தங்கைக்கு,

நீங்கள் மூடி வைத்தது மார்லன் ஜேம்ஸ் எழுதிய ‘எ பிரீஃப் ஹிஸ்டரி ஆஃப் செவன் கில்லிங்ஸ்’ என்று நினைக்கிறேன். 2015-இல் புக்கர் பரிசு பெற்றது. ஜமைக்காவில் பிறந்த ஒருவருக்கு அந்தப் பரிசு கிடைத்தது அதுவே முதல் தடவை. ஏறக்குறைய 700 பக்கம். ஆள் மாறி ஆள் கதை சொல்வார்கள், அதில் ஒருவர் செத்துப்போனவர். இங்கிலீஷில் ஊறியவர்களே திணறுகிற புத்தகம் அது. முதல் படியே அவ்வளவு உயரமாக இருந்தால் யாருக்கும் மூச்சு வாங்கும்.

அந்தக் கதை நிற்கிற இடத்தையும் காலத்தையும் பாருங்கள். 1976 டிசம்பர் 3 இரவு, கிங்ஸ்டனில் ஹோப் ரோட் 56-ஆம் இலக்க வீட்டுக்குள் ஆட்கள் புகுந்து பொப் மார்லியைச் சுட்டார்கள். அவருக்கு நெஞ்சிலும் கையிலும் காயம், மனைவி ரீட்டாவுக்குத் தலையில் காயம். இரண்டு நாள் கழித்து, அந்தக் காயத்தோடேயே மேடையேறிப் பாடினார். தேர்தலுக்குப் பன்னிரண்டு நாள் இருந்த நேரம் அது. இரண்டு கட்சிகளுக்கும் ஆளுக்கொரு சேரி, சேரிக்கொரு ஆயுதக் கும்பல். ஒரு நகரத்தின் சில தெருக்கள் எப்படி எரிந்தன என்பதைத்தான் அந்த நாவல் எழுதுகிறது. எங்களைப் பற்றிய போர் நாவல்களை மட்டும் வாசித்த ஒரு தாய், உங்கள் வீட்டு வாசலில் கால் வைக்கப் பயந்து நின்றால் உங்களுக்கு எப்படி இருக்கும்? அவர் வாசித்ததில் ஒன்றும் பொய்யில்லை. ஆனால் உங்கள் வீட்டுக் குசினியில் என்ன வேகிறது என்பது அதில் இருக்காது.

குசினியில் தொடங்குங்கள். ஒலிவ் சீனியர் என்ற அம்மாவின் ‘சம்மர் லைட்னிங்’ சிறுகதைத் தொகுதியை எடுங்கள். அவர் 1941-இல் ஜமைக்காவின் ட்ரெலோனி மலைப்பக்கத்தில் பிறந்தவர், பல வருடமாக எங்கள் ரொறன்ரோவில் வாழ்பவர். 1986-இல் வந்த இந்தத் தொகுதிக்கு அடுத்த வருடம் காமன்வெல்த் எழுத்தாளர் பரிசு கிடைத்தது. பெரும்பாலும் கிராமத்துச் சிறுபிள்ளைகளின் கண்ணால் பார்க்கிற கதைகள். தகப்பன் வீட்டுக்கும் பெரியம்மா வீட்டுக்கும் மாறி மாறி அனுப்பப்படுகிற பிள்ளைகள், தேவாலயத்துக்குத் தவறாத கிழவிகள், தோல் நிறம் கொஞ்சம் வெளுத்திருப்பதால் பெருமை பேசுகிற சொந்தக்காரர்கள். நிறப் பெருமையை உங்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை.

அதில் ‘பாலட்’ என்ற கதையை முதலில் வாசியுங்கள். மறக்கமுடியாத ஒரு மனிதரைப் பற்றிக் கட்டுரை எழுதச் சொல்கிறார் ஆசிரியர். லெனோரா என்ற சிறுமி மிஸ் ரில்லா என்ற பெண்ணைப் பற்றி மூன்று பக்கம் எழுதிக்கொண்டு போகிறாள். ஆசிரியர் அதைக் கிழித்துப் போடுகிறார். கட்டுரை எழுதத் தகுந்த பெண்ணா அவள் என்கிறார். மிஸ் ரில்லாவுக்கு ஊரில் நல்ல பெயர் இல்லை. ஆனால் அந்தப் பிள்ளையை அன்பாக வைத்திருந்தவள் அவள்தான். கிழிபட்ட கட்டுரையைத்தான் லெனோரா எங்களுக்கு வாயால் சொல்கிறாள். பள்ளிக்கூட இங்கிலீஷில் இல்லை, வீட்டுப் பேச்சில்.

அந்தப் பேச்சில்தான் நீங்கள் தடுக்கி விழுவீர்கள். நானும் விழுந்தேன். பதினொரு வருடம் ஒரு முதியோர் இல்லத்துச் சமையலறையில் வேலை செய்தேன். என்னோடு நின்றவர் ஒரு ஜமைக்கா அம்மா, செயின்ட் எலிசபெத் பக்கத்தவர். இந்தக் கதையை வாசித்து ஒன்றும் விளங்காமல், ஒரு நாள் பிறேக் நேரத்தில் புத்தகத்தை அவரிடம் நீட்டினேன். ஏப்ரனில் கையைத் துடைத்துவிட்டு, கண்ணாடி இல்லாததால் கையை நீட்டித் தூரத்தில் பிடித்துக்கொண்டு சத்தமாக வாசித்தார். கண்ணுக்கு முள்ளாக இருந்தது காதுக்குப் பாட்டாக வந்தது. ஆசிரியர் தாளைக் கிழிக்கிற இடத்தில் நிறுத்தினார். “இந்த ஆளை எனக்குத் தெரியும்” என்றார். பிறகு கொஞ்ச நேரம் வாசிக்கவில்லை. அவருடைய பள்ளிக்கூடத்திலும் வீட்டுப் பேச்சுப் பேசினால் அடி விழுமாம்.

அதனால் தனியே இருந்து வாசிக்காதீர்கள். மகளைப் பக்கத்தில் வைத்துச் சத்தமாக வாசிக்கச் சொல்லுங்கள். மாப்பிள்ளை வந்து வாசித்தால் இன்னும் நல்லது. அது உடைந்த இங்கிலீஷ் என்று மட்டும் யாரிடமும் சொல்லிவிடாதீர்கள். பட்வா என்பார்கள் அதை. சொற்கள் பெரும்பாலும் இங்கிலீஷ்தான், ஆனால் ஒழுங்கு அதற்கென்று தனி. ஒருவரானாலும் ஒன்பது பேரானாலும் இங்கிலீஷில் ‘யூ’ தான். பட்வாவிலோ பலரைச் சேர்த்துச் சொல்ல ‘உனு’ என்று ஒரு சொல் உண்டு. அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட மேற்கு ஆபிரிக்க இக்போ மக்களின் சொல் அது. பிள்ளைக்கு ‘பிக்னி’, சாப்பிடுவதற்கு ‘ந்யாம்’. எழுத்தில் ஒரு தமிழும் வாயில் ஒரு தமிழுமாக வளர்ந்த எங்களுக்கு இதில் பிடிபடாதது ஒன்றுமில்லை. ரீச்சர் ஒரு மொழியிலும் பிள்ளை வேறு மொழியிலும் பேசினால் அவர்களுக்கு நடுவில் எவ்வளவு தூரம் என்று உங்களுக்கு உடனே தெரியும். இந்தப் பேச்சுக்கு மேடையில் மரியாதை வாங்கிக் கொடுத்தவர் லூயிஸ் பெனட் என்ற கவிஞர். ஊரே அவரை மிஸ் லூ என்றது. கடைசிக் காலத்தில் ரொறன்ரோவில் வாழ்ந்து 2006-இல் இங்கேயே காலமானார்.

மிஸ் ரில்லா, மிஸ் லூ. கவனித்தீர்களா? மூத்த பெண்ணை வெறும் பெயர் சொல்லிக் கூப்பிடுவது அங்கே மரியாதை இல்லை. கனடாக்காரர்போல அந்த அம்மம்மாவின் பெயரை மொட்டையாகச் சொல்லாதீர்கள். முன்னால் ‘மிஸ்’ வையுங்கள். வாசலில் கால் வைத்ததும், இருக்கிற ஒவ்வொருவருக்கும் ‘குட் ஈவினிங்’ சொல்லிவிட்டு உட்காருங்கள். வணக்கம் சொல்லாமல் வீட்டுக்குள் நுழைகிறவரை வளர்ப்புச் சரியில்லாதவர் என்பார்கள்.

இரண்டாவதாக, அதே ஒலிவ் சீனியரின் ‘அரைவல் ஆஃப் தி ஸ்னேக் வுமன்’ சிறுகதைத் தொகுதி. அதே தலைப்பில் உள்ள கதையில் உங்கள் சொந்தக் கதையும் கொஞ்சம் இருக்கிறது. 1845 மே 10-ஆம் திகதி, பிளன்டெல் என்ற கப்பல் ஜமைக்காவின் ஓல்ட் ஹார்பர் கடற்கரையில் இந்தியர்களை இறக்கியது. அடிமைமுறை ஒழிந்து முடிந்ததும் கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்த ஆட்கள் தேவைப்பட்டார்கள். 1917 வரை ஏறக்குறைய 36,000 பேர் போனார்கள். பெரும்பாலோர் வட இந்தியர்கள். மலைக்குள் ஒளிந்து கிடக்கிற ஒரு கறுப்பர் கிராமத்துக்கு அப்படி வந்த ஓர் இந்தியப் பெண்ணை ஒருவன் கூட்டி வருகிறான். அவள் நடையைப் பார்த்து ஊர் அவளைப் பாம்புப் பெண் என்கிறது. பிள்ளை காய்ச்சலில் கிடக்கும்போது, அஞ்ஞானியின் பிள்ளை என்று பாதிரியார் மருந்து கொடுக்க மறுக்கிறார். அவள் தோற்றுப்போகவில்லை. மெல்ல மெல்ல ஊரில் காலூன்றி, கடை வைத்து, எல்லோரும் கணக்கு வைத்துச் சாமான் வாங்குகிற மிஸ் கூலியாகிறாள். சொல்பவன் அந்த ஊர்ப் பையன். சின்ன வயதில் அவளிடம் மயங்கியும் பயந்தும் நின்றவன், பெரியவனாகி அதைத் திரும்பிப் பார்க்கிறான்.

மிஸ் கூலி. அந்தச் சொல்லின் வேரை அகராதிகள் எங்கள் தமிழ்க் ‘கூலி’யிலும் தேடுகின்றன. செய்த வேலைக்கு வாங்குகிற காசின் பெயர், கடல் கடந்து போய் ஒரு இனத்துக்கே பட்டப்பெயராகி, வசையுமாகிவிட்டது. மலையகத்தில் எங்கள் ஆட்களே எங்கள் ஆட்களை அந்தச் சொல்லால் எப்படிக் குத்தினார்கள் என்று நினைத்துக்கொண்டு வாசித்தேன். வயிறு கலங்கியது. அந்த அம்மம்மா வீட்டு மேசையில் ஆட்டிறைச்சிக் கறி வைப்பார்கள், மஞ்சள் நிறமாக. அது அந்தக் கப்பல்களில் போன கைப்பக்குவம். ஈரப்பலாக்காய் சுட்டு வைத்தாலும் ஆச்சரியப்படாதீர்கள். தோட்டத்து அடிமைகளுக்குச் சோறாகட்டும் என்று 1793-இல் பசிபிக் தீவுகளிலிருந்து கப்பலில் கொண்டுபோய் நட்டது. ஈஸ்டருக்கு மசாலா போட்ட கறுத்த பணிசும், நடுவில் ஒரு துண்டு சீஸும் கட்டாயம் இருக்கும். வேண்டாம் என்று சொல்லாதீர்கள்.

இனி அந்தச் சடை. இந்தப் பகுதியை உங்கள் கணவருக்கு வாசித்துக் காட்டுங்கள். சடை விட்டவர்கள் எல்லோரும் ராஸ்தஃபாரி சமயத்தார் அல்ல. உங்கள் மாப்பிள்ளை எப்படி என்று அவரிடமே கேளுங்கள், கேட்பதில் தப்பில்லை. ஆனால் சமயத்துக்காக வளர்ப்பவர்களுக்கு அது நேர்த்தி. பைபிளில் எண்ணாகமம் ஆறாம் அதிகாரத்தில், தலையில் கத்தி படக்கூடாது என்று சொல்கிற அந்த விரதம். கதிர்காமத்துக்கும் பழனிக்கும் முடி வளர்க்கிற எங்களுக்கு நேர்த்தி முடி என்றால் என்னவென்று தெரியும். மூன்றாவது புத்தகம், கெய் மில்லர் எழுதிய ‘அகஸ்டவுன்’. அந்த நாவலில், 1982-இல், ஒரு பள்ளிக்கூட வாத்தியார் சின்னப் பையன் ஒருவனின் சடையைக் கத்தரிக்கோலால் வெட்டிவிடுகிறார். பையன் அழுதுகொண்டு வீட்டுக்கு வருகிறான். வாசலில் இருக்கிற கண் தெரியாத கிழவி மா டாஃபி அவன் தலையைத் தடவிப் பார்க்கிறாள். நாவல் முழுக்க அந்த ஒரு பகல்தான். நடுவில் அவள், வானத்துக்குப் பறக்கப் போகிறேன் என்று சொன்ன பெட்வர்ட் என்ற போதகரின் கதையைப் பேரனுக்குச் சொல்கிறாள். அவர் நிஜமாக வாழ்ந்தவர். அவருக்குப் பின்னால் ஆயிரக்கணக்கான ஏழைகள் திரண்டார்கள். அரசாங்கம் அவரைப் பைத்தியக்கார ஆஸ்பத்திரியில் அடைத்தது, 1930-இல் அங்கேயே செத்தார்.

முடி வெட்டியதும் கதைக்காகக் கட்டியது அல்ல. 1963 ஈஸ்டர் வாரத்தில், கோரல் கார்டன்ஸ் என்ற இடத்தில் நடந்த கலவரத்தின் பேரால் ராஸ்தஃபாரியரை வளைத்துப் பிடித்து அடித்தார்கள், சிறையில் போட்டார்கள், சடையை வெட்டினார்கள். 2017-இல்தான் ஜமைக்காப் பிரதமர் அதற்கு மன்னிப்புக் கேட்டார். “அந்த முடியை வெட்டச் சொல்லுங்கோ” என்று உங்கள் கணவர் ஈஸ்டர் மேசையில் சொன்னால், அந்த வீட்டு மூத்தவர்களின் காதில் என்ன விழும் என்று யோசித்துப் பாருங்கள்.

நான்காவது புத்தகத்தை இப்போது தொடாதீர்கள், போய்வந்த பிறகு எடுங்கள். நிக்கோல் டெனிஸ்-பென் எழுதிய ‘பேட்ஸி’, 2019-இல் வந்தது. தாய் ஒருத்தி சின்ன மகளைத் தகப்பனிடம் விட்டுவிட்டு நியூயோர்க் போகிறாள். திரும்பவில்லை, பேசவும் இல்லை. பிள்ளை அங்கே வளர்கிறது, தாய் இங்கே மற்றவர்களின் பிள்ளையைக் குளிப்பாட்டுகிறாள். அவள் போனதற்குப் பணம் மட்டும் காரணமில்லை, அவள் நேசித்த தோழியும் காரணம். வெளிநாட்டிலிருந்து தாய்மார் பீப்பாயில் அரிசியும் உடுப்பும் அடைத்து அனுப்ப, தாயில்லாமல் வளர்கிறவர்களைப் பீப்பாய்ப் பிள்ளைகள் என்றே ஜமைக்காவில் சொல்வார்கள். எங்கள் ஊரிலும் எத்தனை தாய்மார் பிள்ளையை முன்னால் அனுப்பிவிட்டு, அல்லது பின்னால் விட்டுவிட்டு, வருடக்கணக்காய் தொலைபேசியில் அழுதார்கள். இந்தப் புத்தகம் உங்களை அழவைக்கும், அதனால்தான் பிறகு வாசியுங்கள் என்கிறேன்.

இன்னொரு காரணமும் உண்டு. 1955-இல் கனடா, வீட்டு வேலைக்கென்று கரீபியன் பெண்களை எடுக்கத் தொடங்கியது. முதல் வருடம் 100 பேர், அதில் 75 பேர் ஜமைக்காவிலிருந்து. கல்யாணம் ஆகாதவர்களாக, பிள்ளை இல்லாதவர்களாக இருக்க வேண்டும் என்பது நிபந்தனை. ஒரு வருடம் யாரோ வீட்டில் உழைத்தால் இங்கேயே தங்கலாம். பிள்ளை இருந்தவர்களில் சிலர் அதை மறைத்துவிட்டு வந்தார்கள். அந்த அம்மம்மா எண்பதைத் தொட்டவர் என்றால் அந்தக் காலத்து ஆளாக இருக்கக்கூடும். அவர் எப்படி வந்தார், யாரை விட்டுவிட்டு வந்தார் என்று முதல் நாளே கிண்டாதீர்கள். நீங்கள் எப்படி வந்தீர்கள் என்பதை நீங்கள் முதலில் சொல்லுங்கள். 1995 இடப்பெயர்வை, நாவற்குழிப் பாலத்தை, உங்கள் இங்கிலீஷில் எவ்வளவு வருமோ அவ்வளவு. அவர் சொல்ல நினைத்தால் அதற்குப் பிறகு சொல்வார்.

ஈஸ்டருக்கு நாள் அதிகம் இல்லை, ஆகவே முதல் இரண்டு புத்தகங்கள் போதும். அதிலும் ‘பாலட்’டையும் பாம்புப் பெண்ணையும் மட்டும் முடித்தால் போதும். மால்வேர்ன் நூலகக் கிளைக்குப் போங்கள். ரீட்டா கொக்ஸ் என்ற நூலகர் பெயரில் கறுப்பின, கரீபியன் நூல்களுக்கென்று தனித் தொகுப்பு அங்கே உண்டு. ஒலிவ் சீனியர் என்று பெயரைச் சொல்லிக் கேளுங்கள்.

அன்புடன்,
அக்கா